மனையின் விலை: செங்கல்பட்டு நத்தத்திலிருந்து வீட்டுக் கடன் வரை



இலக்கிய மன்றத்தின் நினைவுச் சொற்பொழிவில் வீட்டுக் கடனைப் பற்றிப் பேசப்போகிறேன் என்றதும் நண்பர்கள் சிலர் சிரித்தார்கள். வாத்தியார் இருந்திருந்தால் சிரித்திருக்க மாட்டார். ஆதிதிராவிடர் நலப் பள்ளியில் பகலெல்லாம் பாடம் நடத்திவிட்டு, மாலையில் தெருவிளக்கின் கீழே எங்களுக்குக் கூட்டுவட்டி சொல்லிக்கொடுத்தவர் அவர். விடை வந்ததோடு விடமாட்டார். "இந்த வட்டியக் கட்டறது யாரு, வாங்கறது யாரு, அதையும் எழுது" என்பார். எங்கள் பாடப்புத்தகத்தில் அந்தக் கேள்வி கிடையாது. இன்றைய பேச்சு அந்தக் கேள்விக்கு நான் எழுதிப் பார்க்கும் விடை.

எனக்கு இது தொடங்கிய இடத்தைச் சொல்லிவிடுகிறேன். சுடுகாட்டுப் பாதைக்காக வட்டாட்சியர் அலுவலகம் முன் நாம் நடத்திய ஆர்ப்பாட்டம் நினைவிருக்கும். வருவார்கள் என்று எண்ணியதில் பாதிப் பேர்தான் வந்தார்கள். முந்தின இரவு வரை பதாகை எழுதிக்கொடுத்த தம்பி ஒருவரும் வரவில்லை. தொலைபேசியில் கேட்டேன். "லோன் இருக்குக்கா. பேப்பர்ல பேரு வந்து வேலை போயிட்டா தவணைய யாரு கட்றது?" என்றார். எனக்குக் கோபம் வந்தது. வீடு திரும்பும் வழியில்தான் என் ஆயா சொன்ன ஒரு வாக்கியம் நினைவுக்கு வந்தது. மதுராந்தகம் பக்கத்துக் கிராமம் ஒன்றில் மிராசுதார் நத்தத்தில் பிறந்து வளர்ந்தவள் அவள். கூலி குறைந்தபோது ஏன் கேட்கவில்லை என்று சிறுமியாக நான் கேட்டதற்கு, "அவங்க மனைல குந்திக்கினு அவங்களயே எப்புடி எதுத்துப் பேசறது?" என்றாள்.

இரண்டு வாக்கியங்களுக்கும் நடுவே எழுபது எண்பது ஆண்டுகள் இருக்கின்றன. குடிசை கான்கிரீட் வீடாகிவிட்டது. மிராசுதாரின் இடத்தில் வங்கி உட்கார்ந்திருக்கிறது. இரண்டும் ஒன்று என்று நான் சொல்லவில்லை. அப்படிச் சொன்னால் நம் முன்னோர் பட்டதைச் சிறுமைப்படுத்துவதாகிவிடும். ஆனால் வீட்டுக்கு நாம் கொடுக்கும் விலை எந்தக் காலத்திலும் பத்திரத்தில் எழுதிய தொகையோடு நின்றதில்லை. அந்த முழு விலையைக் கணக்கிடக் கற்றுக்கொள்ள வேண்டும் என்பதுதான் என் பேச்சின் சாரம்.

பத்திரமில்லாத மனை

1843-ஆம் ஆண்டின் ஐந்தாம் சட்டம், ஒருவர் மற்றொருவரை அடிமையாக உரிமை கொண்டாடுவதை நீதிமன்றங்கள் ஏற்கக் கூடாது என்றது. 1860-இல் இயற்றப்பட்ட இந்தியத் தண்டனைச் சட்டம் அடிமைகளை வாங்குவதையும் விற்பதையும் குற்றமாக்கியது. சட்டப்படி அடிமை முறை முடிந்துபோனது. ஆளைப் பிடித்துவைக்க ஆண்டைகளிடம் அதன் பிறகும் இரண்டு கயிறுகள் இருந்தன. கடன் ஒன்று, மனை மற்றொன்று.

கடனைப் பற்றி நிறையப் பேசியிருக்கிறோம். கல்யாணத்துக்கோ சாவுக்கோ வாங்கிய சிறு தொகைக்காகப் படியாளாகப் போவது, அது தீராமல் மகனுக்கு இறங்குவது எல்லாம் நம் குடும்பங்களின் கதை. மனையைப் பற்றிப் பேசியது குறைவு. செங்கல்பட்டு மிராசு கிராமங்களில் சேரி இருந்த நத்தமும் தங்களுடையது என்று மிராசுதார்கள் உரிமை கொண்டாடினார்கள். குடிசையை எழுப்பியவர் அந்தக் குடும்பத்தார். அது நின்ற மண் ஆண்டையுடையது. வாடகை என்று பணம் எதுவும் வாங்கவில்லை. கூப்பிட்ட நேரத்துக்கு வேலைக்குப் போவதும், கொடுத்த கூலியை வாங்கிக்கொள்வதும், எதிர்த்துப் பேசாமல் இருப்பதும்தான் வாடகை. வீட்டோரம் மரம் வைக்கக்கூட என் ஆயாவின் தாய் விடமாட்டாளாம். வளர்ந்தால் அது அவர்கள் மரமாகிவிடும் என்பாளாம்.

செங்கல்பட்டு ஆட்சியராக இருந்த ஜே.எச்.ஏ. திரமென்ஹீர் 1891-இல் எழுதிய அறிக்கை இந்த முடிச்சைத் தெளிவாகக் கண்டது. தரிசு நிலம் கேட்டு மனுப்போட்டால் குடியிருக்கும் மனையிலிருந்து விரட்டப்படுவோம் என்ற அச்சம், நிலம் கேட்கும் கையையே கட்டிப்போட்டது. வீட்டு மனை இல்லாததால் விளைநிலம் இல்லை. விளைநிலம் இல்லாததால் கூலியைத் தவிர வழியில்லை. கூலியைக் கூட்டிக் கேட்டால் மனை இல்லை. சுற்றிச் சுற்றி ஒரே இடத்தில் வந்து நிற்கும் வட்டம் இது.

அந்த அறிக்கையைத் தொடர்ந்து 1892 செப்டம்பர் 30 அன்று 1010, 1010ஏ என்ற அரசாணைகள் வந்தன. நாம் பஞ்சமி நிலம் என்று சொல்லும் நிலங்கள் இவற்றின் வழியே வந்தவை. முதல் பத்தாண்டுகள் யாருக்கும் விற்கக் கூடாது, அதன் பிறகும் ஒடுக்கப்பட்ட வகுப்பாருக்குள்தான் விற்கலாம் என்ற நிபந்தனையோடு அவை கொடுக்கப்பட்டன. அந்த நிபந்தனை ஒரு வேலி. அந்த வேலியையும் தாண்டி நிலங்கள் எப்படிக் கைமாறின என்பதற்கு, 1994-இல் செங்கல்பட்டு மாவட்டம் காரணை நிலப் போராட்டத்தில் உயிர்விட்ட ஜான் தாமசும் ஏழுமலையும் சாட்சி. ஆனால் 1892-இன் ஆணைகள் விளைநிலத்தைப் பற்றியவை. நத்தத்தின் மேல் மிராசுதாருக்கு இருந்த பிடி அந்த ஆணைகளோடு போய்விடவில்லை.

நம் முதல் வீட்டுக் கடன்

1920-ஐ ஒட்டிச் சென்னை மாகாண அரசு தொழிலாளர் ஆணையரை நியமித்து, ஒடுக்கப்பட்ட வகுப்பாருக்கு மனை தேடிக் கொடுக்கும் வேலையை அவரிடம் ஒப்படைத்தது. தஞ்சைப் பகுதியில் நிலம் கையகப்படுத்தும் சட்டத்தைப் பயன்படுத்தி மனைகள் எடுக்கப்பட்டன. மிராசுதார்கள் கடுமையாக எதிர்த்தார்கள். எதிர்ப்பு சில சென்ட் நிலத்துக்காக அல்ல என்பது அவர்களுக்கும் தெரியும், அரசுக்கும் தெரியும்.

இதில் நாம் மறந்துபோன ஒரு செய்தி இருக்கிறது. அந்த மனைகளின் விலையை அரசு அவற்றில் குடியேறியவர்களிடமிருந்தே தவணைகளாகத் திரும்ப வாங்கியது. அதற்காகவே கூட்டுறவுச் சங்கங்கள் அமைத்தார்கள். தலைமுறை தலைமுறையாகக் குடியிருந்த மண்ணுக்கும் அதைச் சுற்றிய மண்ணுக்கும் கூலிக்காரக் குடும்பம் தவணை கட்டி விலை கொடுத்தது. என் பார்வையில் இந்த மண்ணில் நம் மக்கள் வாங்கிய முதல் வீட்டுக் கடன் அதுதான். கட்டினார்கள். ஏன் கட்டினார்கள் என்பதை யாரும் விளக்க வேண்டியதில்லை. தவணைக்கு ஒரு கடைசித் தேதி உண்டு. ஆண்டையின் மனைக்கு அது கிடையாது.

தவணை கட்ட வாய்க்காதவர்கள் ஆண்டை மனையிலேயே இருந்தார்கள். 1952-இல் தஞ்சைக் குத்தகைதாரர், பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்தது. 1961-இல் குடியிருப்பிலிருந்து வெளியேற்றுவதைத் தடுக்கும் சட்டம் வந்தது. சட்டம் இருந்தும் 1968 டிசம்பர் 25 இரவு கீழவெண்மணியில் 44 பேர் ஒரு குடிசைக்குள் எரிக்கப்பட்டார்கள். கூலியைக் கூட்டிக் கேட்டதும், சங்கத்தை விட்டு விலக மறுத்ததும்தான் அவர்கள் செய்தது. குடிசைக்குள் இருந்துகொண்டு பேசினால் என்ன விலை என்பதை அந்த இரவு நாட்டுக்குக் காட்டியது. மூன்று ஆண்டுகள் கழித்து, 1971-இல், குடியிருப்பு மனையை அதில் வாழும் விவசாயக் கூலிக்கே உரிமையாக்கும் சட்டம் நிறைவேறியது. வெண்மணியில் இறந்தவர்களுக்கு அது உதவவில்லை. அவர்களைப் போன்ற பல்லாயிரம் குடும்பங்களுக்குக் காலடி மண் சொந்தமானது.

வங்கி வந்த பிறகு

1969-இல் 14 வங்கிகள் நாட்டுடைமையாயின. 1970-இல் ஹட்கோ, 1974-இல் தாட்கோ, 1977-இல் எச்டிஎஃப்சி, 1988-இல் தேசிய வீட்டுவசதி வங்கி என நிறுவனங்கள் வந்தன. தாட்கோ தன் பெயரிலேயே வீட்டை வைத்துக்கொண்டு பிறந்தது. ஊருக்கு ஊர் தொகுப்பு வீடுகள் எழுந்தன. நம் தலைமுறையில் இட ஒதுக்கீட்டால் சம்பளச் சீட்டு கையில் வந்தவர்கள் நகரத்தில் வீட்டுக் கடன் வாங்கினார்கள். நானும் அவர்களில் ஒருத்தி.

இனி வாத்தியார் போட்டிருக்கக்கூடிய கணக்கு. 25 லட்சம் ரூபாய் கடன், 8.5 சதவீத வட்டி, 20 ஆண்டு. மாதத் தவணை ஏறத்தாழ 21,696 ரூபாய். முதல் மாதத் தவணையில் வட்டிக்குப் போவது 17,708. அசலில் கழிவது 3,988 மட்டுமே. பத்து ஆண்டு தவறாமல் கட்டினால் 26 லட்சம் கட்டியிருப்போம். வாங்கிய தொகையை விடக் கூடுதல். அன்றைக்கும் 17.5 லட்சம் அசல் பாக்கி நிற்கும். 20 ஆண்டு முடியும்போது மொத்தம் 52 லட்சத்து 7 ஆயிரம். வட்டி மட்டும் 27 லட்சத்துக்கு மேல். இதே கடனை 30 ஆண்டுக்கு நீட்டினால் தவணை 19,223 ஆகக் குறையும். மாதம் இரண்டாயிரத்து ஐந்நூறு ரூபாய் மிச்சம் என்று மகிழ்வோம். மொத்தம் 69 லட்சத்து 20 ஆயிரம் ஆகிவிடும்.

பொருளியல் படித்த தோழர்கள் இங்கே குறுக்கிடுவார்கள். இருபது ஆண்டு கழித்துக் கட்டும் ரூபாய்க்கு இன்றைய ரூபாயின் மதிப்பு இருக்காது, வாடகை மிஞ்சுகிறது, மனையின் விலையும் ஏறும் என்பார்கள். சரிதான். கடன் வாங்காதீர்கள் என்று நான் சொல்ல வரவில்லை. இந்தக் கணக்கு எல்லோருக்கும் ஒன்றுபோல் இருக்கிறதா என்பதுதான் என் கேள்வி.

ஒரே தெருவில் 30 லட்சத்துக்கு இரண்டு வீடுகள் என்று வைத்துக்கொள்வோம். ஒருவருக்குப் பாட்டன் நிலம் விற்ற பணம் 20 லட்சம் இருக்கிறது. 10 லட்சம் கடன் வாங்கி 10 ஆண்டில் முடிக்கிறார். அதே 8.5 சதவீதத்தில் அவர் கட்டும் வட்டி 5 லட்சத்துக்கும் குறைவு. அவருடைய வீட்டின் விலை 35 லட்சம். பக்கத்து வீட்டுக்காரர் நம்மவர். பாட்டன் நத்தத்தில் இருந்தவர். சேமிப்பும் நகையுமாக 5 லட்சம் புரட்டி, 25 லட்சம் கடன் வாங்கி 20 ஆண்டு கட்டுகிறார். அவருக்கு அதே வீடு 57 லட்சம். 30 ஆண்டு என்றால் 74 லட்சம். விண்ணப்பப் படிவத்தில் வங்கி சாதியைப் பார்த்து வட்டி போடவில்லை. வட்டி விகிதம் இருவருக்கும் ஒன்றேதான். 1892-க்கு முன் இழந்ததும் அதற்குப் பின் பறிபோனதும் கடன் தொகை என்ற கட்டத்திலும் கால அளவு என்ற கட்டத்திலும் வந்து உட்கார்ந்துகொள்கின்றன. நிலம் இல்லாத பாட்டனுக்காகப் பேரன் கட்டும் வட்டி அது.

இன்னொன்றும் உண்டு. நகரத்தில் வாடகைக்கு வீடு தேடிய நம்மவர் யாருக்கும் இதை விளக்க வேண்டாம். "நீங்க என்ன ஆளுங்க?" என்ற கேள்விக்கும், "சைவமா?" என்ற கேள்விக்கும் பதில் சொல்லிச் சொல்லிக் களைத்தவர்கள் நாம். வாடகை வீடு தாராளமாகக் கிடைப்பவர் விலை இறங்கும் வரை, முன்பணம் சேரும் வரை காத்திருக்கலாம். மூன்றாவது முறை வீடு காலி செய்யச் சொல்லப்பட்டவர் காத்திருக்க மாட்டார். கிடைத்த கடனை, கிடைத்த கால அளவுக்கு வாங்கிவிடுவார். நாங்களும் அப்படித்தான் வாங்கினோம்.

2021-இல் ஒரு வங்கியில் வாங்கினோம். வட்டி குறைந்திருந்த நேரம். ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம் 4 சதவீதம். எங்களுக்கு 6.75. மாறும் வட்டி என்று படிவத்தில் இருந்தது. எப்படி மாறும் என்று யாரும் சொல்லவில்லை, நாங்களும் கேட்கவில்லை. 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 6.5 சதவீதமானது. எங்கள் தவணை மாறவேயில்லை. நல்ல வங்கி என்று நினைத்துக்கொண்டிருந்தோம். வேறு வேலையாக அறிக்கை எடுக்கப் போனபோதுதான் கடைசித் தவணையின் தேதி பல ஆண்டு தள்ளிப் போயிருப்பதைப் பார்த்தேன். கடிதம் எதுவும் எங்களுக்கு வந்திருக்கவில்லை.

என்ன நடக்கிறது என்று ஒரு எளிய கணக்கால் காட்டுகிறேன். 25 லட்சத்தை 6.75 சதவீதத்தில் 20 ஆண்டுக்கு வாங்கினால் தவணை 19,009. இரண்டு ஆண்டில் 4 லட்சத்து 56 ஆயிரம் கட்டுவோம். அசலில் கழிவது 1 லட்சத்து 27 ஆயிரம். அப்போது வட்டி 9.25 ஆகி, தவணையை மட்டும் ஏற்றாமல் விட்டால், 19,009-இல் 18,294 வட்டிக்கே போய்விடும். மீதி இருந்த 18 ஆண்டு, 35 ஆண்டுக்கு மேல் நீளும். 40 வயதில் வாங்கியவருக்கு 77 வயது. வங்கிகள் அவ்வளவு தூரம் நீளவிடாமல் நடுவில் தவணையை ஏற்றுவதும் உண்டு. ஆனால் தீராமல் மகனுக்கு இறங்கும் கடன் என்று நான் முன்பு சொன்னதை இங்கே நினைத்துக்கொள்ளாமல் இருக்க முடியவில்லை.

கேட்டுப் பெற வேண்டியவை

ஆனால் ஆயாவுக்கு இல்லாத ஒன்று நமக்கு இருக்கிறது. இந்தக் கணக்குக்கு விதிகள் உண்டு. அவை தாளில் எழுதப்பட்டிருக்கின்றன. 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இட்ட ஆணைப்படி, வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை கடன் வாங்கியவருக்கு உண்டு. இதுவரை கட்டிய அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, இன்னும் எத்தனை தவணை என்று காலாண்டுக்கு ஒருமுறை அறிக்கை தர வேண்டும். அதைக் கேட்டு வாங்குங்கள். வீட்டில் பிள்ளைகளை உட்காரவைத்துப் படிக்கச் சொல்லுங்கள்.

தனிநபர்கள் மாறும் வட்டியில் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்டினால் அபராதம் கிடையாது. வங்கிகளுக்கு 2012 முதல் இதுதான் விதி. நான் முதலில் சொன்ன 20 ஆண்டுக் கடனில் ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டி வந்தால், மூன்று ஆண்டுக்கு மேல் குறையும். வட்டியில் சுமார் 5 லட்சம் மிஞ்சும். போனஸ் வந்த மாதம், சீட்டு எடுத்த மாதம் இதற்கு உதவும்.

கடன் முடிந்தால் 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். வங்கியால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு என்பதும் 2023-இல் வந்த ஆணைதான். பத்திரத்தோடு நிற்காமல், சார்பதிவாளர் அலுவலகத்தில் ரசீது பதிந்து வில்லங்கச் சான்றிலிருந்து அடமானத்தை நீக்குங்கள். கடனைக் கட்டி முடித்த பிறகும் ஆண்டையின் பெட்டியில் கிழிக்கப்படாமல் கிடந்த புரோநோட்டு எத்தனை குடும்பங்களை மறுபடி வயலுக்கு இழுத்தது என்று நம் பெரியவர்களைக் கேளுங்கள்.

அரசிடம் நாம் வைக்க வேண்டிய கோரிக்கையும் ஒன்று உண்டு. நிபந்தனைப் பட்டா நிலத்தை வெளியே விற்க முடியாது என்பதால் வங்கிகள் அதை ஈடாக ஏற்கத் தயங்குகின்றன. நிபந்தனையை எடுத்துவிடுவது தீர்வாகாது. எடுத்தால் நிலமே போய்விடும். வேலியைக் காத்துக்கொண்டு, அந்த மனைகளின் மேல் குறைந்த வட்டியில் கடன் தரும் பொறுப்பைத் தாட்கோ போன்ற அரசு நிறுவனங்கள் ஏற்க வேண்டும்.

கடைசியாகத் தம்பியின் வாக்கியம். "லோன் இருக்குக்கா." அவருடைய அச்சம் பொய்யில்லை. தவணை 90 நாளுக்கு மேல் நின்றுவிட்டால் கணக்கு வாராக்கடனாகும். 2002-ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டப்படி 60 நாள் அறிவிப்பு வரும். அதன் பிறகுதான் வங்கி வீட்டின் மேல் கைவைக்க முடியும். அப்போதும் கடன் மீட்புத் தீர்ப்பாயத்துக்குப் போக வழியுண்டு. ஆக, பேசியதற்காக ஒருவரின் வேலை போனால் அவருக்குக் கையில் இருப்பது ஐந்து மாதம். ஐந்து மாதத் தவணை என்றால் நாம் போட்ட கணக்கில் 1 லட்சத்து 8 ஆயிரம். நம் மன்றத்தோடு தொடர்புள்ள நூறு குடும்பங்கள் மாதம் 100 ரூபாய் போட்டால் 11 மாதத்தில் அது சேர்ந்துவிடும். பொதுக் காரியத்தில் பெயர் வெளிவந்து வேலையிழப்பவரின் தவணைக்கென்று மட்டும் அந்த நிதி இருக்கட்டும். வாத்தியார் பெயரில் நாம் ஆண்டுதோறும் மலர் வெளியிடுகிறோம். இந்த ஆண்டு இந்த நிதியையும் தொடங்க வேண்டும் என்று செயற்குழுவை வேண்டிக்கொள்கிறேன். என் பங்கின் முதல் நூறு ரூபாயை மேடையிலேயே தருகிறேன்.

அந்தத் தம்பியை நான் இன்று அழைத்திருந்தேன். வந்திருக்கிறார், பின்வரிசையில் உட்கார்ந்திருக்கிறார். அன்றைக்கு அவர்மேல் கோபப்பட்டதற்காக வருந்துகிறேன். அவர் கோழை அல்ல. அவருடைய வீட்டின் விலையில் ஒரு பகுதியை அவர் தனியாகக் கட்டிக்கொண்டிருந்தார். அந்தப் பகுதியை மட்டுமாவது நாம் சேர்ந்து கட்டலாம்.

ஜெய்பீம்.